காலத்தின் கோலம்



மும்மணிகளை வணங்கி, ஒரு சிறுமி நம்மிடம் கேட்ட கேள்வியை இன்று உங்கள் முன் வைக்கின்றோம். கேள்வி சிறியது, ஆயினும் அதற்கு விடை கூற நமக்கு ஒரு மாலைப்பொழுது முழுவதும் தேவைப்பட்டது. அவ்விடையைக் கேட்டுப் பயன் பெற்றவர் அச்சிறுமி மட்டுமல்லர் என்பதனாலேயே இதனை எழுதத் துணிந்தோம்.

ஹைதராபாத் மாநகரைச் சேர்ந்த செகந்திராபாத்துக்கு வடகிழக்கே சைனிக்புரி என்றொரு குடியிருப்பு உண்டு. படைவீரர்களின் ஊர் என்பது அப்பெயரின் பொருள். படைப்பணியிலிருந்து ஓய்வு பெற்றோர் வீடு கட்டி அமைதியாய் வாழ்வதற்கென எழுந்த இடம் அது. அங்கே நம் தமிழ் அன்பர் ஒருவர் வாழ்கின்றார். வடார்க்காட்டுச் சிற்றூரொன்றில் பிறந்து, இளமையிலேயே படையில் சேர்ந்து, சுபேதாராக ஓய்வு பெற்றவர். அவருடைய துணைவியார் காலமாகி மூன்று திங்கள் நிறைந்தமையால், பௌர்ணமி நாளில் புண்ணியானுமோதனை செய்ய நம்மை அழைத்திருந்தார். சென்றோம். திரிசரணமும் பஞ்சசீலமும் ஓதி, மறைந்த அம்மையாரை நினைந்து சிறிது நேரம் மௌனமாய் அமர்ந்திருந்தோம்.

அவ்வேளையில் அவருடைய பேத்தி, பத்து வயதுச் சிறுமி, ஒரு நோட்டுப் புத்தகத்தைக் கொண்டுவந்து நம் முன் வைத்தாள். அது அவளுடைய பாட்டியின் கோல நோட்டு. முற்பாதியில் அம்மையார் தம் கையால் போட்டுவைத்த புள்ளிக் கோலங்களும் சிக்குக் கோலங்களும் இருந்தன. பிற்பாதியில் எஞ்சியிருந்த தாள்களில் சிறுமி வண்ணப் பென்சில்களால் தீட்டியிருந்தாள். ஒவ்வொரு தாளும் ஒரு நாள். பாட்டியோடு மாம்பழம் உண்ட நாள் மஞ்சள். காப்ரா ஏரிப் பக்கம் உலாவச் சென்ற நாள் நீலம். பாட்டி கோபித்துக்கொண்ட நாள் சிவப்பு.

"ஐயா, இது மாயப் புத்தகம். எந்தப் பக்கத்தைத் திறந்து வண்ணத்தின் மேல் கையை வைக்கிறோமோ, அந்த நாள் திரும்பி வந்துவிடும்" என்றாள். பிறகு வெறுமையாய் இருந்த ஒரு தாளைப் புரட்டிக் காட்டினாள். "பாட்டி போன நாளுக்கு மட்டும் என்ன வண்ணம் என்று தெரியவில்லை. தாத்தாவைக் கேட்டால் பேசமாட்டேன் என்கிறார். நீங்கள் சொல்லுங்கள் ஐயா, என்ன வண்ணம் பூசட்டும்?"

கூடியிருந்தோரில் சிலர் கண் கலங்கினர். சிலர் குழந்தையின் கற்பனையென்று புன்னகைத்தனர். சுபேதார் மட்டும் எழுந்து வாசற்பக்கம் போய்விட்டார். அதன் காரணம் பின்னரே நமக்கு விளங்கிற்று.

அன்பர்களே! காலத்தைத் திருப்பும் நூலொன்று வேண்டுமென்ற ஆசை குழந்தைகளுக்கு மட்டும் உரியதன்று. இழந்தவர் யாவருக்கும் அவ்வாசை உண்டு. இறந்த மகவைத் தோளில் சுமந்து வீடு வீடாய் மருந்து கேட்டுத் திரிந்த கிசாகோதமியும் அதைத்தானே தேடினாள்? ஆகவே, "அப்படியொரு புத்தகம் கிடையாது, போய் விளையாடு" என்று அக்குழந்தையை அனுப்பிவிட நமக்கு மனம் வரவில்லை. காலத்தையும் வண்ணத்தையும் பொருளாகக் கொண்ட நூலொன்று பௌத்த உலகில் உண்மையாகவே உண்டு என்று கூறி, அதன் கதையை அவளுக்குச் சொல்லலானோம்.

காலசக்கர தந்திரம் என்பது அந்நூலின் பெயர். நம்மில் பலர் பாளி மரபில் பயின்றவர்கள். திபெத்திய பௌத்தர் போற்றும் இந்நூலை நாம் அதிகம் கேட்டறியோம். எனினும் அதன் கதை தொடங்குவதாகக் கூறப்படும் இடம் நமக்கு அயலானதன்று. ஹைதராபாத்துக்குத் தென்கிழக்கே, கிருஷ்ணை நதிக்கரையில் உள்ள அமராவதியே அவ்விடம். பண்டு தான்யகடகம் என வழங்கிய அவ்வூரில் இருந்த மகாசைத்தியத்தின் சிற்பக் கற்களுட் பலவற்றைச் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தில் அன்பர்கள் கண்டிருப்பர். வேறு பல இலண்டன் மாநகரில் உள்ளன.

அங்கே பகவான் புத்தர் ஷம்பாலா என்னும் நாட்டின் அரசனாகிய சுசந்திரனுக்குக் காலசக்கரத்தைப் போதித்தார் என்பது திபெத்திய மரபு. மூலநூல் 12,000 செய்யுட்களைக் கொண்டதென்றும், அரசன் அதனைத் தன் நாட்டுக்குக் கொண்டு சென்றான் என்றும், அவன் வழிவந்த மஞ்சுஸ்ரீ யசஸ் அதனைச் சுருக்கினான் என்றும், அவனுக்குப்பின் வந்த புண்டரீகன் விமலப்பிரபை என்னும் உரையை வகுத்தான் என்றும் கூறுவர். ஆராய்ச்சியாளரோ, இன்று நமக்குக் கிடைக்கும் வடமொழி நூல் கி.பி. பதினோராம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உருவாகியது என்பர். மரபின் கூற்றும் ஆராய்ச்சியின் கூற்றும் வேறுபடுவதைக் கண்டு நாம் மயங்க வேண்டுவதில்லை. மூலநூல் முழுவதையும் இன்று கண்டவர் எவருமிலர். சேகோத்தேசம் என்னும் ஒரு பகுதியே அதிலிருந்து எஞ்சியதாகச் சொல்லப்படுகின்றது. ஆகவே ஷம்பாலாவுக்குச் சென்ற அம்முழுநூலும் நம் சிறுமியின் நோட்டைப்போல் கற்பனையின் கரையில் நிற்பதே.

"அந்தப் புத்தகத்தில் மாயம் இருக்கிறதா?" என்று சிறுமி கேட்டாள். இருப்பதைக் கூறினோம்.

கிடைக்கின்ற நூல் ஐந்து படலங்களை உடையது. முதற்படலம் உலகத்தைப் பற்றியது. ஞாயிறு, திங்கள், கிரகங்கள் ஆகியவற்றின் நடையைக் கணக்கிடும் முறை அதிலே உண்டு. திபெத்தியரின் பஞ்சாங்கம் இந்நூல்வழி வந்தது. நம் தமிழ்ப் பஞ்சாங்கத்திலே பிரபவ முதல் அட்சய ஈறாக 60 ஆண்டுகள் சுழல்வதுபோல் அவர்களுக்கும் 60 ஆண்டுச் சுழற்சி உண்டு. அச்சுழற்சியை அவர்கள் 1027ஆம் ஆண்டிலிருந்து எண்ணுகின்றனர். 1987இல் நமக்குப் பிரபவ ஆண்டு பிறந்தது. அதே 1987இல் அவர்களுக்குப் பதினேழாவது சுழற்சி தொடங்கியது. பனிமலைக்கு அப்பால் வாழ்பவரும் காவிரிக்கரையில் வாழ்பவரும் ஒரே ஆண்டை ஒரே சக்கரத்தின் தலையாகக் கொண்டிருப்பது வியப்பன்றோ?

இரண்டாம் படலம் வானத்தை விட்டு உடம்புக்குள் புகுகின்றது. ஒரு நாளைக்கு 60 நாழிகை. ஒரு நாழிகைக்கு 360 மூச்சு. ஆக ஒரு நாளைக்கு 21,600 மூச்சு என்பது அதன் கணக்கு. நம் சித்தர் மரபிலும் இவ்வெண்ணே வழங்குகின்றது. வெளியே சுழலும் சக்கரம் ஒன்று, உள்ளே சுழலும் சக்கரம் ஒன்று. காலம் என்பது வானத்தில் மட்டும் இல்லை, நாசியிலும் இருக்கின்றது என்பது இதன் கருத்து. எஞ்சிய மூன்று படலங்களும் அபிஷேகம், சாதனை, ஞானம் என்பவற்றைப் பற்றியன. அதாவது, மனிதன் தன்னைத் திருத்திக்கொள்ளும் வழியைப் பற்றியன.

அன்பர்கள் இந்த வரிசையை உற்று நோக்க வேண்டும். நூல் வானத்தில் தொடங்குகின்றது; மூச்சுக்கு வருகின்றது; பயிற்சியில் முடிகின்றது. கிரகங்களைக் கணக்கிட்டு முடித்தவுடன் 'இனி நல்ல நேரம் வரும்வரை காத்திரு' என்று கூறி அது நின்றுவிடவில்லை. 'உன் மூச்சைப் பார், உன் மனத்தைப் பார்' என்று உள்ளே அழைத்துச் செல்கின்றது.

இனி வண்ணத்தைக் கேளுங்கள். இந்நூலை ஒட்டிய பூசைக்காகப் பிக்குகள் மண்டலம் ஒன்றை வண்ண மணலால் அமைப்பர். கூம்பு வடிவான உலோகக் குழலுக்குள் மணலை இட்டு, அக்குழலின் மேற்புறத்தில் உள்ள வரிமேடுகளை மற்றொரு கோலால் உரசுவர். அவ்வதிர்வினால் மணல் நூலிழைபோல் ஒழுகும். நடுவிலிருந்து தொடங்கி வெளிநோக்கி, நாட்கணக்கில் குனிந்தபடி, மணியின்மேல் மணி வைத்ததுபோல் வரைவர். அது ஐந்து அடுக்குள்ள மாளிகை; 722 தேவதைகளுக்கு அதில் இடம் உண்டு. கிழக்கே கருமை, தெற்கே செம்மை, மேற்கே மஞ்சள், வடக்கே வெண்மை. காற்றும் தீயும் மண்ணும் நீரும் முறையே அத்திசைகளுக்கு உரியன. 2006ஆம் ஆண்டு ஜனவரித் திங்களில், மரபு கூறும் அந்த அமராவதியிலேயே தலாய் லாமா அவர்கள் காலசக்கர அபிஷேகத்தை நடத்தினார். பல்லாயிரவர் கூடினர்.

இத்தனை உழைப்பில் உருவான மண்டலம் முடிவில் என்னவாகும்? விழா நிறைந்ததும் அதனைக் கலைத்துவிடுவர். கோடுகள் சிதையும், கருமையும் செம்மையும் மஞ்சளும் வெண்மையும் ஒன்றோடொன்று கலந்து ஒரு சாம்பல் நிறக் குவியலாகும். அதனை அள்ளிச் சென்று நீரில் கலப்பது வழக்கம். காலத்தின் பெயரைத் தாங்கிய நூல், தன் வண்ணச் சித்திரத்தைக் காலத்திடமே ஒப்படைத்துவிடுகின்றது. அநித்தியம் என்னும் பகவானின் போதனையை இதைவிடத் தெளிவாய்க் கண்ணுக்குக் காட்ட இயலுமோ?

இதைக் கேட்டதும் சிறுமி, "பாட்டியின் கோலம்கூட அப்படித்தான், நான் பள்ளிக்கூடம் விட்டு வருவதற்குள் அழிந்துபோகும்" என்றாள்.

உண்மைதான். நம் தாய்மார்கள் நாள்தோறும் விடியற்காலையில் அரிசிமாவால் செய்வதும் அதுவே. காலையில் இட்ட கோலத்தை எறும்பு தின்னும், குருவி கொத்தும், பால்காரர் மிதிப்பார், நண்பகலில் பாதி இராது. அதற்காக எந்தத் தாயும் அழுததில்லை. மறுநாள் வாசலைத் தெளித்து வேறொரு கோலம் இடுகின்றாள். துன்பம் நேர்ந்தவிடத்து 'காலத்தின் கோலம்' என்று நம் மக்கள் கூறுவது வழக்கம். விதியை நொந்து கூறும் சொல்லாக அதனை வழங்குகிறோம். அவ்வாறு நொந்துகொள்ளாமல் சிந்தித்தால், காலமே ஒரு கோலம். இட்ட கை நம்முடையது. அழிவது அதன் இயல்பு. மீண்டும் இடுவது நம் கடமை என்னும் பொருள் அதிலேயே அடங்கியிருக்கக் காணலாம்.

இவ்வளவும் கூறி நிறுத்திய பின்னர்ச் சுபேதார் நம்மைத் தனியே வாசலுக்கு அழைத்தார். கூடத்துச் சுவரில் தொங்கிய நாட்காட்டியைச் சுட்டினார். நாள்தோறும் ஒரு தாள் கிழிக்கும் நாட்காட்டி. பண்டிகைகள் சிவப்பில், நல்ல நேரம் ஒருபுறம், இராகுகாலமும் எமகண்டமும் மற்றொருபுறம். அம்மையார் மறைந்த புதன்கிழமைத் தாளுடன் அது நின்றிருந்தது. மூன்று திங்களாக எவரும் அதனைக் கிழிக்கவில்லை.

"ஐயா, அன்று பன்னிரண்டு மணிக்கு அவளுக்கு மார்பு வலித்தது. புறப்படலாம் என்று செருப்பை மாட்டினேன். இராகுகாலம், ஒன்றரை மணிக்குப் போகலாம் என்று வீட்டில் இருந்தவர்கள் சொன்னார்கள். அவளும் 'கொஞ்சம் பொறுத்துப் போவோமே' என்றாள். உட்கார்ந்துவிட்டேன். எல்லையில் இருந்தபோது ஒருநாளும் நான் நேரம் பார்த்தவனில்லை. அன்று பார்த்தேன். ஒன்றரை மணிக்கு வண்டியில் ஏற்றியபோது அவள் பேசவில்லை. குழந்தை வண்ணம் கேட்கிறாள். நான் என்ன சொல்வேன்? அந்தப் புத்தகம் உண்மையானால் முதலில் அதன்மேல் கை வைப்பவன் நான்தான்."

அன்பர்களே! மாயப் புத்தகத்தை யார் கேட்டார் என்பது அப்பொழுதுதான் நமக்குப் புரிந்தது. குழந்தைக்கு அது விளையாட்டு. அம்முதியவருக்கு அது உயிர். காலத்தைப் பற்றிய மாய நூல் வேறெங்கும் இல்லை. அவ்வீட்டுச் சுவரிலேயே, நம் வீடுகள் பலவற்றின் சுவரிலும், ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது. சில நாழிகைகளுக்கு நன்மையின் வண்ணத்தையும் சில நாழிகைகளுக்குத் தீமையின் வண்ணத்தையும் பூசி வைத்த அந்தத் தாளை நம்பி ஒன்றரை மணி நேரம் காத்திருந்தார் ஒரு படைவீரர்.

இராகுகாலம் என்பது யாது? பகற்பொழுதை எட்டுப் பங்காக்கி, கிழமைக்கு ஒரு பங்கை இராகுவுக்கென ஒதுக்கிய ஏற்பாடு. திங்களன்று ஏழரைக்குத் தொடங்குவது புதனன்று பன்னிரண்டுக்கும் ஞாயிறன்று நாலரைக்கும் தொடங்கும். வானநூலில் இராகு என்பது திங்களின் பாதையும் ஞாயிற்றின் பாதையும் வெட்டிக்கொள்ளும் இடம். கிரகணத்தைக் கணிப்பதற்கு அது பயன்படும். காலசக்கர நூலும் அவ்வாறு கணக்கிடுகின்றது. அந்த வெட்டுமிடம் புதன்கிழமை நண்பகலில் சைனிக்புரியில் ஒரு மூதாட்டியின் இதயத்துக்கு என்ன செய்ய இயலும்? கிழமைக்கு ஒரு பங்கு என்னும் ஏற்பாட்டில் வானத்தைப் பார்க்கும் வேலையே இல்லை. நாட்காட்டியைப் பார்த்தால் போதும்.

ஜாதகக் கதைகளுள் நட்சத்திர ஜாதகம் என்று ஒன்று உண்டு. நகரத்தார் சிலர் நாட்டுப்புறத்துப் பெண்ணொருத்தியை மணம் பேசி நாளும் குறித்தனர். தன்னைக் கேளாமல் நாள் குறித்தனரே என்று சினந்த அவர்களுடைய குடும்பத் துறவி, அன்று நட்சத்திரம் சரியில்லை என்று கூறிவிட்டான். அவர்கள் போகவில்லை. பெண் வீட்டார் ஆயத்தம் செய்து காத்திருந்து, பின்னர் வேறொருவனுக்குப் பெண்ணைக் கொடுத்துவிட்டனர். மறுநாள் சென்று வழக்காடியவர்களிடம், நட்சத்திரத்தை எண்ணிக்கொண்டிருந்தவனைவிட்டு நன்மை கடந்து போகும். நன்மையே நன்மைக்கு நட்சத்திரம் என்னும் கருத்தை ஓர் அறிவாளி எடுத்துரைத்தான். அங்குத்தர நிகாயத்திலும் பகவான் இக்கருத்தையே அருளியுள்ளார். காலையில் மனம், மொழி, மெய்யால் நற்செயல் செய்பவனுக்கு அது நற்காலை. நண்பகலில் செய்பவனுக்கு அது நன்பகல். மாலையில் செய்பவனுக்கு அது நன்மாலை. நேரம் செயலுக்கு வண்ணம் பூசுவதில்லை. செயலே நேரத்துக்கு வண்ணம் பூசுகின்றது.

இதைச் சுபேதாரிடம் அந்த வேளையில் வாதமாக எடுத்துரைப்பது கருணையாகாது. வாதத்தை உங்களுக்குக் கூறுகின்றோம், அன்பர்களே! மார்பு வலி, மூச்சுத் திணறல், பாம்புக்கடி, பேறுகால வேதனை ஆகியவற்றுக்கு நேரம் பார்க்காதீர். ஜபமாலையில் 108 மணி எண்ணுபவர்கள் நாம். அதே எண்ணைத் தொலைபேசியில் அழைத்தால் ஊர்தி வரும். அச்சேவை 2005ஆம் ஆண்டு அந்த ஹைதராபாத்தில்தான் முதலில் தொடங்கிற்று. அவ்வூர்தி இராகுகாலத்திலும் வரும்.

அவருக்கோ வேறொன்றைக் கூறினோம். "முன்னரே சென்றிருந்தால் அவர் பிழைத்திருப்பார் என்று எவரும் உறுதி கூற இயலாது, பிழைத்திருக்கமாட்டார் என்றும் கூற இயலாது. ஆனால் காத்திருந்தது தவறு. அதைத் தவறன்று என்று கூறி உங்களை ஆற்றுவது பொய்யாகும். நீங்களும் அதை நம்பமாட்டீர்கள்."

அவர் தலையசைத்தார். மூன்று திங்களாக 'விதி, நேரம், அவளுக்கு அவ்வளவுதான் எழுதியிருந்தது' என்று எல்லோரும் ஆறுதல் கூறியதாகவும், அவை ஒன்றும் உள்ளே இறங்கவில்லை என்றும் சொன்னார்.

சங்கு ஊதுபவன் ஒருவன் நான்கு திசைக்கும் எளிதில் ஓசையைப் பரப்புவதை உவமையாகக் கொண்டு பகவான் அருளிய சூத்திரம் ஒன்று சம்யுத்த நிகாயத்தில் உண்டு. தவறு செய்தவன், 'நான் செய்தது தகாது. ஆயினும் வருந்துவதனால் அது செய்யாததாகிவிடாது' என்று உணர்ந்து, அச்செயலை விட்டு, இனியும் செய்யாதிருந்து, எல்லாத் திசைக்கும் மைத்திரியைப் பரப்புவானாயின், அவன் அச்செயலைக் கடக்கின்றான் என்பது அதன் சாரம். செய்ததை மறுத்தல் ஒரு வழி. செய்ததிலேயே வீழ்ந்து கிடத்தல் மற்றொரு வழி. இரண்டையும் விட்டு நடுவே செல்வது ததாகதரின் வழி.

ஹுசேன் சாகர் ஏரியின் நடுவே நிற்கும் புத்தர் சிலையை ஹைதராபாத்தில் அறியாதவர் இலர். ஒரே வெண்பாறையில் ஏறக்குறைய 58 அடி உயரமாய்ச் செதுக்கப்பட்ட அச்சிலையை 1990 மார்ச்சில் மிதவையில் ஏற்றிச் செல்கையில், மிதவை கவிழ்ந்து சிலை ஏரியில் மூழ்கிற்று. உடன்சென்றோர் சிலர் உயிரிழந்தனர். சிலையை மீட்டெடுத்து 1992 டிசம்பரில் நிறுத்தினர். கல் மீண்டது, மாந்தர் மீளவில்லை. நீரின் அடியில் கிடந்த நாட்களிலும் அச்சிலையின் முகத்தில் அமைதி மாறவில்லை என்பது உண்மையே. ஆனால் கல்லுக்கு அது எளிது. நமக்கோ அமைதியை உழைத்துப் பெற வேண்டியிருக்கின்றது.

நம் மணிமேகலைக் காப்பியமும் இதனையே காட்டுகின்றது. மணிபல்லவத் தீவில் புத்த பீடிகையைத் தொழுத மணிமேகலைக்கு முற்பிறப்பு விளங்கிற்று. முன்னர்த் தான் இலக்குமி என்பதும், தன் கணவன் இராகுலன் திட்டிவிடம் என்னும் பாம்பினால் இறந்தான் என்பதும், அவனே இப்பிறவியில் உதயகுமரன் என்பதும் தெளிந்தன. சிறுமி கேட்ட மாயநூலின் பக்கம் உண்மையாகவே அவள் முன் திறந்தது என்றே கூறலாம். அவள் என்ன செய்தாள்? இழந்த கணவனிடம் திரும்பிச் செல்லவில்லை. அமுதசுரபியைக் கையில் ஏந்திப் புகார் நகருக்கு வந்தாள், ஆதிரை இட்ட பிச்சையை முதலில் ஏற்றாள், பசித்தவருக்கு உணவிட்டாள், சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக்கினாள். சென்ற காலம் அவளுக்குத் தெரிந்தது, இன்றைய பசியைத் தீர்ப்பதற்கே. சென்றதைக் காணுதல் வேறு. சென்றதற்குத் திரும்புதல் வேறு. முன்னது ஞானம், பின்னது வேட்கை.

நாம் உள்ளே திரும்பியபோது சிறுமி நோட்டை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள். கேள்வியை அவள் மறக்கவில்லை. பூசை மாடத்தில் கட்டியிருந்த பௌத்தக் கொடியை அவளுக்குக் காட்டினோம். 1885ஆம் ஆண்டு கொழும்பு நகரில் முதலில் ஏற்றப்பட்ட கொடி அது. நீலம், மஞ்சள், சிவப்பு, வெண்மை, காவி என்று வரிசையாய் எண்ணினாள். "ஆறாவது பட்டையில் எல்லாம் சேர்ந்து இருக்கிறதே!" என்றாள். "ஆம், அம்மா. ஐந்தும் சேர்ந்த ஒளி அது. பாட்டி போன நாளும் அப்படிப்பட்டதே. அந்த நாளுக்கு ஒரே வண்ணம் கிடையாது. காலையில் அவர்கள் என்ன செய்தார்கள் என்று யாருக்காவது தெரியுமா?" என்று கேட்டோம்.

எவரும் பேசவில்லை. பின்னர்ச் சுபேதாரே பேசினார். அன்று விடியலில் வழக்கம்போல் அவள் கோலமிட்டாள் என்றார். முல்லைக்கொடிக்கு நீர் விட்டாள் என்றார். பேத்திக்குத் தலைவாரிப் பின்னிப் பள்ளிக்கு அனுப்பினாள் என்றார். நண்பகலில் வலி வந்தது என்றும், தாம் நேரம் பார்த்துக் காத்திருந்தார் என்றும், அது தம் பிழை என்றும் அக்குழந்தையிடமே கூறினார். குரல் நடுங்கிற்று, ஆயினும் நிறுத்தவில்லை. "இனி இந்த வீட்டில் யாருக்கு நோய் வந்தாலும் நேரம் பார்ப்பதில்லை, கண்ணு. இது பகவான் முன்னால் தாத்தா எடுக்கும் உறுதி" என்றார். எழுந்து சென்று, மூன்று திங்களாய் நின்றிருந்த நாட்காட்டித் தாள்களைக் கிழித்து இன்றைய நாளுக்குக் கொண்டுவந்தார்.

சிறுமி சிறிது நேரம் எண்ணியிருந்தாள். பின்னர் வெற்றுத்தாளில் வண்ணப் பென்சில்களை விட்டுக் கரிப் பென்சிலை எடுத்துப் புள்ளி வைத்தாள். அம்மையார் அன்று விடியலில் இட்ட கோலம் அவளுக்கு நினைவிருந்தது. கோடுகளை இழுத்து முடித்தாள். வண்ணம் பூசவில்லையே என்று ஒருவர் கேட்டதற்கு, "பாட்டி எப்போதும் வெள்ளைக் கோலம்தான் போடுவார்கள், தாளே வெள்ளைதானே?" என்று விடை கூறினாள். பிறகு அப்பக்கத்தின்மேல் கையை வைத்தாள். எதுவும் திரும்பி வரவில்லை. அவள் அதை எதிர்பார்த்ததாகவும் நமக்குத் தோன்றவில்லை.

அன்பர்களே! ஓவியன் வரைந்த எந்தச் சித்திரத்தையும்விட மனமே பன்னிறம் வாய்ந்தது என்றும், அச்சித்திரத்தையும் மனமே வரைந்தது என்றும் பகவான் ஓரிடத்தில் அருளியுள்ளார். நம் ஒவ்வொருவர் கையிலும் அம்மனம் என்னும் தூரிகை இருக்கின்றது. ஒரு நாளில் 21,600 மூச்சு. ஒவ்வொரு மூச்சும் ஒரு புள்ளி. நேற்று வைத்த புள்ளியை இன்று எடுக்க இயலாது. நாளைய புள்ளியை இன்று வைக்க இயலாது. இந்த மூச்சில் வைக்கும் புள்ளி ஒன்றே நம்முடையது. அதனை நல்ல நேரத்தில் வைப்போம் என்று காத்திராமல், நல்லதாக வைப்போமாக. அழியும் என்று அறிந்தும், வாசல் தெளித்து நாள்தோறும் கோலமிட்ட அந்த அம்மையாரைப்போல் வைப்போமாக.

இப்புண்ணியம் அவ்வம்மையாரைச் சேர்வதாகுக. எல்லா உயிர்களும் துன்பம் நீங்கி வாழ்க.

சாது! சாது! சாது!